ஜப்தி வேறு, பறிமுதல் வேறு

போன மாதம் ஒரு காலை, பெருந்துறையில் நாங்கள் வழக்கமாக டீ குடிக்கும் கடையில், நாளிதழை என் பக்கம் நகர்த்திவிட்டு மாமா கேட்டார்: "மாப்பிள்ளை, காங்கேயம் பக்கம் ஒரு தோட்டத்தை அமலாக்கத் துறை பறிமுதல் செய்துவிட்டதாமே. வற்றாத கிணறு, முந்நூறு தென்னை. ஏலம் எப்போது வரும்? நாம் எடுக்கலாமா?"

வாங்கிப் படித்தேன். தலைப்பில் கொட்டை எழுத்தில் 'பறிமுதல்'. உள்ளே நான்காவது பத்தியில் 'தற்காலிகமாக முடக்கம்'. "ஏலம் உங்கள் பேரன் காலத்தில் வரலாம் மாமா" என்றேன். கிண்டல் செய்கிறேன் என்று அவருக்குக் கோபம். கிண்டல் இல்லை. அந்தத் தலைப்புக்கும் நான்காவது பத்திக்கும் நடுவில் பத்து வருடம் கிடக்கலாம். அதை அவருக்குச் சொல்லி முடிக்க இரண்டு காலை ஆனது. சொன்னதைத்தான் இங்கே எழுதுகிறேன். நான் வக்கீல் அல்ல. வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். இந்தச் சட்டம் கேட்கும் படிவங்கள் என் மேசை வழியாகப் போனதால் பழகிய பரிச்சயம் இது.

சட்டத்தின் பெயர் நீளம்: சட்டவிரோதப் பணப் பரிமாற்றத் தடுப்புச் சட்டம், 2002. பெயர் கிடக்கட்டும். ஒரு மாட்டிலிருந்து தொடங்கலாம்.

ஒருவன் இரவில் ஒரு தோட்டத்துப் பட்டியிலிருந்து காங்கேயம் பசு ஒன்றை ஓட்டிக்கொண்டு போய், நான்கு ஊர் தள்ளி விற்றுவிடுகிறான். வாங்கியவனுக்கு அது திருட்டு மாடு என்று தெரியும். பாதி விலைக்கு வந்ததால் வாயை மூடிக்கொண்டான். பசு கன்று போடுகிறது. பால் விற்ற காசில் இரண்டு வெள்ளாடு வாங்குகிறான். கன்று காளையாகிக் கண்ணபுரம் சந்தையில் நல்ல விலைக்குப் போகிறது. அந்தப் பணம் ஒரு வீட்டு மனைக்கு முன்பணமாகிறது. திருடனைப் பிடித்துச் சிறையில் வைத்தாயிற்று. சரி, கன்று யாருடையது? ஆடு? மனை?

பழைய குற்றவியல் சட்டத்தின் கண் திருடன் மேல் இருந்தது. களவு போன மாட்டை மீட்டுத் தர அதிலும் வழி உண்டு. ஆனால் கன்றையும் ஆட்டையும் மனையையும் துரத்திக்கொண்டு ஓட அதற்குக் கால் போதாது. நாம் பேசும் சட்டம் அந்த ஓட்டத்துக்காகவே வந்தது. குற்றத்தால் நேரடியாகவோ மறைமுகமாகவோ கிடைத்த எந்தச் சொத்தும் இதன் கணக்கில் 'குற்றத்தால் கிடைத்த சொத்து'. பசு நேரடி, கன்றும் ஆடும் மனையும் மறைமுகம். பசுவே செத்துப்போய்விட்டாலும், பணம் கல்யாண மண்டபத்தில் கரைந்துவிட்டாலும், அதே மதிப்புள்ள வேறு சொத்தைத் தேடி வர முடியும். குற்றத்துக்கு முன்பே வாங்கிய பூர்வீக நிலத்தையும் அப்படித் தொடலாமா என்பதில் மட்டும் நீதிமன்றங்களிலிருந்து வெவ்வேறு கருத்துகள் வந்திருக்கின்றன.

இங்கே ஒரு வேடிக்கை. எந்தெந்தக் குற்றங்களிலிருந்து வந்த பணத்தைத் துரத்தலாம் என்று இந்தச் சட்டத்தின் பின்னால் ஓர் அட்டவணை இருக்கிறது. வெறும் திருட்டு அதில் இல்லை! திருட்டுப் பொருள் என்று தெரிந்தே வாங்குவது இருக்கிறது. ஆக நம் கதையில் மாட்டை ஓட்டிப் போனவனைவிட, பாதி விலைக்கு வாங்கியவன்தான் இந்தச் சட்டத்துக்கு நெருங்கிய உறவு.

இரண்டாவது விஷயம், அந்தச் சொத்தை மறைப்பது, வைத்திருப்பது, வாங்குவது, பயன்படுத்துவது, நல்ல வழியில் வந்தது போலக் காட்டுவது ஆகியவை தனிக் குற்றம். லஞ்சம் வாங்கியதற்கு ஒரு வழக்கு; வாங்கிய லஞ்சத்தை வெளுத்ததற்கு இன்னொரு வழக்கு. இரண்டாவது வழக்கில் குறைந்தது 3 ஆண்டு, கூடியது 7 ஆண்டு கடுங்காவல். போதைப்பொருள் சம்பந்தப்பட்டால் 10 ஆண்டு வரை போகும்.

போதைப்பொருளுக்கு மட்டும் ஏன் கூடுதல் என்றால், இந்த வகைச் சட்டங்கள் உலகம் முழுவதும் அதிலிருந்துதான் முளைத்தன. கடத்தல் தலைவனைச் சிறையில் போட்டாலும் அவன் பணம் வெளியே அவனுக்காக உழைத்துக்கொண்டிருந்தது. 1988இல் வியன்னாவில் ஐ.நா. உடன்படிக்கை ஒன்று உருவானது. போதைப் பணத்தைப் பறிமுதல் செய்யவும் அதை வெளுப்பதைக் குற்றமாக்கவும் நாடுகள் ஒப்புக்கொண்டன. அடுத்த ஆண்டே ஏழு பணக்கார நாடுகள் பாரிசில் நிதி நடவடிக்கைப் பணிக்குழுவை அமைத்தன. அந்தக் குழு 40 பரிந்துரைகளை வைத்துக்கொண்டு ஒவ்வொரு நாட்டையும் பரீட்சை எழுத வைக்கிறது. இந்தியா 2010இல் உறுப்பினரானது. நம் சட்டம் 2002இன் பெயரைச் சுமந்தாலும் நடைமுறைக்கு வந்தது 2005 ஜூலை 1ஆம் தேதி. அதற்கு முன்பு நம்மிடம் எதுவும் இல்லை என்று நினைத்துவிடக் கூடாது. கடத்தல்காரர்களின் சொத்தைப் பறிக்க 1976இலேயே ஒரு சட்டம் வந்தது. லஞ்ச வழக்குகளில் சொத்தை முடக்க வெள்ளைக்காரன் காலத்து 1944ஆம் ஆண்டு அவசரச் சட்டம் ஒன்று இருக்கிறது. புலனாய்வு செய்யும் அமலாக்கத் துறையும் 1956இல் அன்னியச் செலாவணி விவகாரங்களுக்காகத் தொடங்கப்பட்டதுதான்; வெளுப்பு வழக்குகள் அதன் கைக்குப் பிறகு வந்தவை.

சரி, எப்படி வெளுக்கிறார்கள்?

அமெரிக்காவின் அல் கபோன் சலவைக் கடைகள் நடத்தியதால்தான் 'பணச் சலவை' என்ற பெயர் வந்தது என்று ஒரு கதை சுற்றுகிறது. கதை நன்றாகத்தான் இருக்கிறது, ஆதாரம்தான் இல்லை. கபோன் 1931இல் மாட்டியது வரி ஏய்ப்பில். சலவைக்கு நமக்கு அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை, திருப்பூர் இருக்கிறது.

ஒரு பனியன் பிறக்கும் வழியைப் பாருங்கள். நூல் ஓர் இடத்தில் வாங்கப்படுகிறது. நிட்டிங்குக்கு ஓர் ஊர். அங்கிருந்து சலவைப் பட்டறை, சாயப்பட்டறை. பிறகு காம்பாக்டிங், பிரிண்டிங், கட்டிங், தையல், செக்கிங், அயர்னிங், பேக்கிங். பெரும்பாலும் எல்லாமே ஜாப் ஒர்க். ஒவ்வொரு வாசலிலும் வேறு முதலாளி, வேறு கணக்குப் புத்தகம். கடைசியில் அட்டைப் பெட்டியில் கிடக்கும் வெள்ளைப் பனியனைக் கையில் எடுத்து, இது எந்த மில்லின் நூல் என்று துணியை மட்டும் பார்த்துச் சொல்லிவிட முடியுமா? முடியாது. ஆனால் சலான் இருக்கிறது. ஒவ்வொரு வாசலிலும் எத்தனை கிலோ உள்ளே போனது, எத்தனை கிலோ வெளியே வந்தது என்று ஒரு சீட்டு இருக்கும். சலானைப் பின்னோக்கிப் பிடித்துக்கொண்டு போனால் நூலில் போய் நிற்கலாம்.

பணத்தை வெளுப்பவன் வாசல்களைப் பெருக்குகிறான், சலானைக் கிழிக்கிறான். புலனாய்வு செய்பவர் கிழிந்த சலான்களை ஒட்டுகிறார். மொத்த விளையாட்டும் இதுதான்.

பாடப்புத்தகங்கள் இதை மூன்று கட்டமாகச் சொல்லும்: உள்ளே நுழைப்பது, அடுக்கடுக்காகச் சுற்றவிடுவது, வெளியே எடுத்து நல்ல பணமாக உட்கார வைப்பது. கற்பனையாக ஓர் அதிகாரியை வைத்துக்கொள்வோம். கையில் 80 லட்சம் லஞ்சப் பணம், அத்தனையும் ரொக்கம். ஒரே நாளில் வங்கிக்குக் கொண்டு வந்தால் கேள்வி வரும். 10 லட்சத்துக்கு மேற்பட்ட ரொக்கப் பரிவர்த்தனைகளை வங்கி அடுத்த மாதம் 15ஆம் தேதிக்குள் டெல்லியில் உள்ள நிதிப் புலனாய்வுப் பிரிவுக்குத் தெரிவித்தாக வேண்டும். ஆகவே மைத்துனர், மாமியார், டிரைவர் என்று பத்துக் கணக்குகளில் சிறுகச் சிறுகப் போடுகிறார். புத்திசாலித்தனம் என்று நினைப்பு! ஒரே மாதத்தில் ஒன்றோடொன்று தொடர்புள்ள சிறு தொகைகள் சேர்ந்து 10 லட்சத்தைத் தாண்டினாலும் அறிக்கை போகும். தொகை எவ்வளவு சிறியதானாலும் சந்தேகம் வந்தால் தனி அறிக்கை போகும். அப்படி அறிக்கை அனுப்பியதை வங்கி வாடிக்கையாளரிடம் சொல்லவும் கூடாது. எதிரே உட்கார்ந்து காபி குடித்துக்கொண்டிருப்பவரைப் பற்றிக் காலையில்தான் எழுதி அனுப்பியிருப்போம். குழந்தைகள் நலமா என்று கேட்டபடி உட்கார்ந்திருக்க வேண்டும். எனக்கு அது கடைசி வரை பழகவே இல்லை.

அடுத்து அந்தப் பத்துக் கணக்குகளிலிருந்து பணம் ஒரு நூல் வியாபார நிறுவனத்துக்குக் 'கடனாக'ப் போகிறது. அங்கிருந்து, வராத நூலுக்கு எழுதிய பில்லுக்காக இன்னொரு நிறுவனத்துக்கு. அங்கிருந்து மனைவியின் கணக்குக்கு. இது இரண்டாம் கட்டம். மூன்றாவதில் நம் ஊருக்கே உரிய ஒரு கைவேலை இருக்கிறது: மஞ்சளில் காட்டுவது.

விவசாய வருமானத்துக்கு வருமான வரி இல்லை. ஆகவே சத்தியமங்கலம் பக்கம் நான்கு ஏக்கர் வாங்கிப் போட்டு, மஞ்சள் வெள்ளாமையில் வந்தது என்று அத்தனை லட்சத்தையும் எழுதிவிடலாம் என்று ஆசை வரும். மஞ்சள் வைத்து அறியாதவர்களுக்குத்தான் அந்த ஆசை வரும். ஒரு ஏக்கரில் காய்ந்த மஞ்சள் இருபது குவிண்டாலைத் தொட்டாலே நல்ல வெள்ளாமை என்பது ஈரோட்டுப் பக்கம் சின்னப் பையனுக்கும் தெரியும். புலனாய்வாளர் கேட்கும் கேள்விகள் அப்படியே எங்கள் அப்புச்சி கேட்பது போல இருக்கும். அந்த வருடம் அடங்கலில் என்ன பயிர் எழுதியிருக்கிறது? விதை மஞ்சள் யாரிடம் வாங்கியது? வெட்டுக்கூலி, வேக வைத்த கூலி, மெருகேற்றிய கூலி எங்கே? எந்த மண்டி, எந்த ஒழுங்குமுறை விற்பனைக் கூடம், எந்தத் தேதி ஏலம், சீட்டு எங்கே? நான்கு ஏக்கரில் நானூறு குவிண்டால் விளைந்ததாக எழுதியவரிடம் அதற்குமேல் கேட்க ஒன்றுமில்லை.

இந்த இடத்தில் டீக்கடையில் இன்னொருவர் குறுக்கிட்டார். "அப்படியானால் கறுப்புப் பணம் வைத்திருக்கிற எல்லாரையும் இந்தச் சட்டத்தில் பிடிக்கலாமே?" பிடிக்க முடியாது. நம் பக்கம் அதிகம் குழம்பிக் கிடப்பது இதுதான்.

ஒரு நிட்டிங் முதலாளி பில் போடாமல் துணி விற்று 20 லட்சத்தைப் பீரோவில் வைத்திருக்கிறார். தொழில் நல்ல தொழில், துணி நிஜத் துணி. வரி மட்டும் கட்டவில்லை. அவருக்கு வருமான வரித் துறையும் ஜி.எஸ்.டி. துறையும் இருக்கின்றன, அபராதமும் வரும், வழக்கும் வரலாம். ஆனால் வருமான வரிச் சட்டத்தின்படியான வரி ஏய்ப்பு அந்த அட்டவணையில் இல்லை. (வெளிநாட்டில் மறைத்த வருமானத்துக்கு 2015இல் வந்த கறுப்புப் பணச் சட்டத்தின் கீழான ஏய்ப்பு மட்டும் இருக்கிறது.) இன்னொருவர், ஏற்றுமதியே செய்யாமல் போலி ஆவணம் காட்டி அரசிடம் ஊக்கத்தொகையாக அதே 20 லட்சத்தை வாங்கியிருக்கிறார். அது ஏமாற்று, போலி ஆவணம். இரண்டும் அட்டவணையில் உள்ளவை. தொகை ஒன்றுதான், நோட்டும் ஒன்றுதான். முன்னது கணக்கில் வராத பணம், பின்னது குற்றத்தில் பிறந்த பணம்.

ஆகவே அடிப்படைக் குற்றம் ஒன்று இல்லாமல் இந்தச் சட்டம் தனியாக நிற்காது. உச்ச நீதிமன்றம் 2022 ஜூலை 27 தீர்ப்பில் இதைத் தெளிவாகச் சொன்னது: அடிப்படைக் குற்ற வழக்கில் ஒருவர் விடுதலையானாலோ வழக்கே ரத்தானாலோ, வெளுப்பு வழக்கும் அவருக்கு எதிராக நிற்காது. 2024 ஜூலையில் மணல் குவாரி ஒப்பந்ததாரர்கள் தொடர்பான வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் முடக்க நடவடிக்கையை ரத்து செய்ததற்கும் காரணம் இதுவே. கனிமவளச் சட்டத்தின் குற்றம் அட்டவணையில் இல்லை. கரூர்ப் பக்கம் காவிரியையும் அமராவதியையும் பார்த்து வளர்ந்தவனுக்கு இது எரிச்சலாகத்தான் இருக்கும். எரிச்சல் அட்டவணை மேல் இருக்கட்டும், தீர்ப்பின் மேல் வேண்டாம்.

இனி மாமாவின் தோட்டத்துக்கு வருகிறேன்.

கைப்பற்றுவது, முடக்குவது, பறிமுதல் செய்வது. பத்திரிகைகள் இந்த மூன்றையும் ஒரே குடத்தில் ஊற்றிக் கலக்கிவிடுகின்றன. சோதனையில் கிடைத்த ரொக்கத்தையும் நகையையும் ஆவணங்களையும் எடுத்துப் போவது கைப்பற்றுதல். சொத்தை இருந்த இடத்திலேயே கட்டிப் போடுவது முடக்கம். கிராமத்தில் நாம் ஜப்தி என்போம். உடைமை உரிமையே உரியவரிடமிருந்து அரசுக்குப் போய்விடுவதுதான் பறிமுதல்.

முடக்கும் அதிகாரி முதலில் தன் காரணங்களை எழுதி வைக்க வேண்டும்: இது குற்றத்தால் கிடைத்த சொத்து, விட்டால் கை மாறிவிடும் என்று நம்ப இன்ன இன்ன ஆதாரம். அப்போதும் அந்த உத்தரவின் ஆயுள் 180 நாள்தான். 30 நாளுக்குள் டெல்லியில் உள்ள தீர்ப்பளிக்கும் ஆணையத்தின் முன் அவர் முறையிட வேண்டும். ஆணையம் சொத்துக்காரருக்குக் குறைந்தது 30 நாள் அவகாசம் கொடுத்து, எந்த வருமானத்தில் இதை வாங்கினாய் என்று கேட்கும். பங்காளி, அடமானம் வாங்கியவர், கிரையம் வாங்கியவர் என்று வேறு யாருக்காவது உரிமை இருந்தால் அவரும் வந்து சொல்லலாம். 180 நாளுக்குள் ஆணையம் உறுதி செய்யாவிட்டால் முடக்கம் தானாக விழுந்துவிடும். உறுதி செய்தால் 45 நாளுக்குள் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம். அங்கும் தோற்றால் 60 நாளுக்குள் உயர் நீதிமன்றம்.

இத்தனையும் நடக்கும்போது அந்த வீட்டில் இருப்பவர் இருக்கலாம், தோட்டத்தில் தண்ணீர் பாய்ச்சலாம். விற்க முடியாது, அடமானம் வைக்க முடியாது, மகன் பேருக்கு எழுத முடியாது. உறுதி செய்த பிறகு அதிகாரிகள் சொத்தைத் தங்கள் கைக்கு எடுக்கச் சட்டத்தில் இடம் உண்டு. ஆனால் வழக்கு முடியும் முன்பே குடியிருப்பவரை வெளியேற்றுவது விதிவிலக்காகத்தான் இருக்க வேண்டும் என்று அதே 2022 தீர்ப்பு சொல்கிறது.

பறிமுதல் எப்போது? சிறப்பு நீதிமன்றத்தில் வெளுப்பு வழக்கு நடந்து, குற்றம் நிரூபணமான பிறகுதான். அந்த உத்தரவு வந்ததும் சொத்து மத்திய அரசுக்குச் சேர்கிறது. குற்றம் சாட்டப்பட்டவர் இறந்துவிட்டாலோ தலைமறைவானதாக அறிவிக்கப்பட்டு விசாரணை நடத்த முடியாமல் போனாலோ, தண்டனை இல்லாமலே பறிமுதல் செய்ய வழி இருக்கிறது. 100 கோடியும் அதற்கு மேலும் சம்பந்தப்பட்ட குற்றங்களைச் செய்துவிட்டு வெளிநாட்டுக்கு ஓடுகிறவர்களுக்கென்று 2018இல் தனிச் சட்டமே வந்தது. 2019 ஜனவரியில் அதன்படி முதலில் அறிவிக்கப்பட்டவர் விஜய் மல்லையா. நம் காங்கேயத்துக்காரர் ஓடவில்லை. ஆகவே நீண்ட வழிதான்.

எவ்வளவு நீளம்? வேறு சட்ட வழக்குதான் என்றாலும் திருப்பூரிலிருந்து ஓர் உதாரணம். அன்னியச் செலாவணி வணிகத்தில் பணம் கொழிக்கும் என்று ஆசை காட்டி ஆயிரக்கணக்கானோரிடம் முதலீடு திரட்டிய பாசி நிறுவனத்தின் மோசடி 2009இல் வெடித்தது. கோவை சிறப்பு நீதிமன்றம் அதன் இயக்குநர்கள் இருவருக்கு 27 ஆண்டுச் சிறை விதித்தது 2022 ஆகஸ்டில். பதின்மூன்று ஆண்டு, அதுவும் முதல் படியில்.

அந்தக் கோவைச் சிறப்பு நீதிமன்றம் எதற்காக இருக்கிறது என்பதும் தெரிய வேண்டும். முடக்கிய சொத்து கடைசியில் யாருக்குப் போக வேண்டும் என்பதில் சட்டங்கள் ஒன்றுபோல இல்லை. அமலாக்கத் துறைச் சட்டத்தில் இயல்பான முடிவு அரசு கஜானா. தமிழ்நாட்டில் 1997இல் வந்த முதலீட்டாளர் நலப் பாதுகாப்புச் சட்டத்தில் முடிவு வேறு: நிதி நிறுவனத்தின் சொத்தை மாநில அரசு முடக்கும், வழக்கமாக மாவட்ட வருவாய் அலுவலர் பொறுப்பேற்பார், சிறப்பு நீதிமன்றம் உறுதி செய்ததும் ஏலம் விட்டுப் பணம் போட்டவர்களுக்கு விகிதப்படி பிரித்துத் தர வேண்டும். இந்தச் சட்டம் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 2011இல் சொன்னது.

சொன்ன அடுத்த வருடமே எங்கள் ஊர் அதைச் சோதித்துப் பார்த்தது. ஈமு கோழி! 2012இல் பெருந்துறையைச் சுற்றி எத்தனை தோட்டங்களில் அந்த நெட்டைக் கழுத்துகள் வேலிக்கு மேலே எட்டிப் பார்த்தன என்பது இங்கே இருந்தவர்களுக்குத்தான் தெரியும். பணம் கட்டினால் குஞ்சு தருவோம், தீனி தருவோம், மாதா மாதம் பராமரிப்புத் தொகை தருவோம் என்றார்கள். ஒரு நாள் தொகையும் வரவில்லை, தீனியும் வரவில்லை. நிறுவனங்களின் மேல் வழக்கு. சொத்தை முடக்க வேண்டும், சரி. ஆனால் இங்கே சொத்து தீனி கேட்டது. பட்டினியில் பறவைகள் சாகத் தொடங்கியதும் கால்நடைத் துறை தலையிட்டுத் தீனி போட வேண்டி வந்தது. பிறகு ஏலம் விட்டார்கள். ஈமுவுக்கு விலை இருந்ததே புதிதாகப் பணம் கட்ட வருபவர்களை நம்பித்தான். அவர்கள் நின்றதும் பறவையின் மதிப்பு அதன் கறியளவுக்கு வந்துவிட்டது. முடக்கும்போது தாளில் எழுதுகிற மதிப்பு வேறு, ஏலத்தில் கையில் விழுகிற காசு வேறு என்று ஊரே பார்த்துக் கற்ற பாடம் அது. இயந்திரம் துருப்பிடிக்கும், கார் உளுத்துப்போகும், தென்னை தண்ணீரில்லாமல் காயும். நிலம் ஒன்றுதான் காத்திருக்கும்.

அமலாக்கத் துறை முடக்கிய சொத்தையும் ஏமாந்தவர்களுக்குத் திருப்பித் தரச் சட்டத்தில் ஒரு பிரிவு இருக்கிறது. 2018 திருத்தத்துக்குப் பிறகு வழக்கு நடக்கும்போதே சிறப்பு நீதிமன்றம் அப்படிச் செய்யலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 107ஆவது பிரிவு இன்னும் ஒரு படி போகிறது. சாதாரணப் போலீஸ் வழக்கிலேயே குற்றத்தால் கிடைத்த சொத்தை நீதிமன்றம் முடக்கலாம். அதை 60 நாளுக்குள் பாதிக்கப்பட்டவர்களுக்குப் பிரித்துத் தரும்படி மாவட்ட மாஜிஸ்திரேட்டுக்கு, அதாவது கலெக்டருக்கு, உத்தரவிடலாம். எழுத்தில் நன்றாக இருக்கிறது. ஈமுவுக்குப் பணம் கட்டியவர்கள் எழுத்தில் நன்றாக இருந்ததை நிறையப் பார்த்தவர்கள்.

இந்தச் சட்டத்தின் பல் கூர்மையானது என்பதையும் மறைக்கக் கூடாது. பொதுவாக ஒருவன் குற்றவாளி என்று அரசுதான் நிரூபிக்க வேண்டும். இங்கே குற்றச்சாட்டு பதிவான பிறகு, சொத்து வெளுப்போடு தொடர்புடையது என்று நீதிமன்றம் அனுமானித்துக்கொள்ளும். இல்லை என்று காட்டும் பாரம் குற்றம் சாட்டப்பட்டவர் தலையில். ஜாமீன் கேட்டால், இவர் குற்றவாளி அல்ல என்று நம்ப நியாயமான காரணம் இருக்கிறது, வெளியே போனால் மறுபடி குற்றம் செய்ய மாட்டார் என்ற இரண்டும் நீதிபதிக்குப் பட வேண்டும். விசாரணையே தொடங்காதபோது அதை எப்படிக் காட்டுவது? பெண்கள், 16 வயதுக்கு உட்பட்டவர்கள், நோயாளிகள், ஒரு கோடிக்குக் குறைவான தொகை ஆகியவற்றுக்கு மட்டும் தளர்வு. இந்த இரட்டை நிபந்தனையை 2017இல் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. 2018இல் நாடாளுமன்றம் திருத்திக் கொண்டுவந்தது. 2022இல் அதே நீதிமன்றம் செல்லும் என்றது. பிறகு கடிவாளமும் விழுந்தது: கைதுக்கான காரணத்தை எழுத்தில் தர வேண்டும் என்று 2023இல், விசாரணை இழுத்துக்கொண்டே போனால் ஜாமீனை மறுத்துக்கொண்டிருக்க முடியாது என்று 2024இல்.

என் எண்ணத்தைக் கேட்டால், சொத்தை முடக்குவதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. கன்றைக் கட்டிப் போடாமல் மாட்டு வழக்கை நடத்துவதில் பயனில்லை. ஆளை முடக்குவதில்தான் உறுத்தல். பதிவான வழக்குகளோடு ஒப்பிட்டால் தண்டனையில் முடிந்தவை மிகக் குறைவு; தீர்ப்பு வருவதற்குள் சிலர் தண்டனையை அனுபவித்தே முடித்துவிடுகிறார்கள்.

இதெல்லாம் பெரிய மனிதர்கள் விவகாரம் என்று நினைக்கிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். இப்போது அடுக்கடுக்காகச் சுற்றவிடும் வேலைக்கு நம் வீட்டுப் பிள்ளைகளின் கணக்குகளே போகின்றன. கோவையில் கல்லூரிக்குப் போகும் பையனிடம், உன் பாஸ்புக், ஏ.டி.எம். கார்டு, சிம் கார்டு மூன்றையும் கொடு, மாதம் ஒரு தொகை தருகிறோம் என்பார்கள். எங்கோ ஒரு மூதாட்டியை மிரட்டிப் பறித்த பணம் அந்தக் கணக்கில் பத்து நிமிடம் நின்றுவிட்டுப் போகும். சலானில் அவன் பெயர் ஒரு வாசல். தெரிந்தே உதவினால் குற்றம் என்கிறது சட்டம். தெரியாது என்று சொல்லலாம்; ஆனால் கணக்கை எதற்காக வாடகைக்கு விட்டாய் என்ற கேள்விக்குப் பதில் வேண்டுமே. பணத்தை இழந்த பக்கம் நீங்கள் இருந்தால் 1930 என்ற இணையக் குற்ற உதவி எண்ணை அடுத்த நிமிடமே அழைக்க வேண்டும். பணம் அடுத்த வாசலைத் தாண்டுவதற்குள் நிறுத்தினால்தான் உண்டு.

பினாமிச் சட்டத்தைப் பற்றி ஒரு வரி: டிரைவர் பேரில் நிலம் வாங்கினால் பணம் நல்ல பணமானாலும் 2016 திருத்தத்தின்படி அந்த நிலம் பறிபோகலாம். அது தனிக் கதை.

மாமா விடவில்லை. அந்த வாரமே பதிவுத் துறையின் இணையதளத்தில் அந்தச் சர்வே எண்ணுக்கு வில்லங்கச் சான்றிதழ் எடுத்துப் பார்த்தோம். கடைசிப் பதிவாக முடக்க உத்தரவு ஏறியிருந்தது. யாராவது மலிவாகக் கிரையம் பேச வந்தால் இதைக் காட்டுங்கள் என்றேன். அப்போதும் மனம் கேட்காமல் அவர் காங்கேயம் போய்த் தோட்டத்தைப் பார்த்துவிட்டு வந்தார். வாசலில் பூட்டு இல்லை, போலீஸ் இல்லை; தேங்காய் வெட்டு நடந்துகொண்டிருந்ததாம். லாரியில் ஏற்றி அனுப்பினார்களாம். டீயை உறிஞ்சியபடி கொஞ்ச நேரம் யோசித்தார்.

"மாப்பிள்ளை, அந்தத் தேங்காய் கன்றுக்குட்டி மாதிரித்தானே?"

வெட்டுக்கு எத்தனை காய், என்ன விலை என்று அவர்களும் ஒரு நோட்டில் எழுதி வைப்பது நல்லது என்றேன்.